மூன்றாவது சுற்று

இரவு மணி எட்டு. ஜூலை மாதத்துச் சனிக்கிழமை. ப்யூனஸ் அயர்ஸில் ஜூலைக் குளிர் எப்படிக் கடிக்கும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை... போயேதோ பக்கம், பழைய டிராம் தண்டவாளம் கிடக்கிற அந்த நீளத் தெரு. கடைகளெல்லாம் அடைத்தாகிவிட்டது. மழை விட்டு அரைமணிதான் ஆகியிருக்கும். ஈரத் தெருவில் ஒரே ஒரு ஆள் நடந்து வருகிறார். ஷூ சத்தம் மட்டும்... டக்... டக்... டக்.

அந்த ஆள் அன்செல்மோ. என் சிநேகிதன் ஃபாபியானின் தாய்மாமன். இதை எனக்குச் சொன்னவன் ஃபாபியான்தான். குடித்துவிட்டு உளறுகிற ரகம் இல்லை அவன். இத்தனை வருஷத்தில் ஒரே ஒரு தடவைதான் சொன்னான், அதுவும் பகலில். நான்தான் புத்தி கெட்டுப்போய் ராத்திரியில் சொல்கிறேன். அந்த ஜன்னலைச் சாத்திவிட்டு வந்து உட்காருங்கள்.

அன்செல்மோவுக்கு அப்போது அறுபத்து மூன்று வயது. பதினேழு வயதில் வடக்கே சாந்தியாகோ மாகாணத்திலிருந்து ரயிலேறி வந்தவர். துறைமுகத்துப் பக்கம் ஓர் இரவு விடுதியில் கிளாஸ் கழுவினார். அப்புறம் வருகிறவர்களின் கோட்டை வாங்கி மாட்டுகிற வேலை. அப்புறம் பரிமாறுகிற வேலை. அப்புறம் வாசல். வாசலில் நின்றபோதுதான் அந்தத் தொழிலின் சூட்சுமம் பிடிபட்டது. இரவு விடுதி என்பது மது இல்லை, பாட்டு இல்லை, விளக்கு இல்லை. யாரை எங்கே உட்கார வைக்கிறோம் என்பதுதான் எல்லாம். முப்பத்து நாலு வயதில் சொந்தமாக ஒன்று திறந்தார். நன்றாக ஓடிய காலத்தில் ஊருக்குள் மூன்று விடுதிகள் அவருக்கு. பிறகு அங்கே ஆடுகிற டாங்கோ ஆட்டத்தைக் கிழவர்கள் சமாச்சாரம் என்று இளவட்டங்கள் ஒதுக்கிவிட்டார்கள். இரண்டை மூடினார். மிஞ்சியது 'கார்டேனியா' ஒன்றுதான்.

கார்டேனியாவின் சட்டங்கள் ஊர் அறிந்தவை. ஆடக் கூப்பிடுகிறவன் வாயைத் திறக்கக் கூடாது. தன் இடத்திலிருந்தே பார்க்க வேண்டும். அந்தப் பெண்ணுக்கு விருப்பம் இருந்தால் பார்வையைத் திருப்பிக்கொள்ள மாட்டாள். இவன் தலையை லேசாக அசைப்பான், அவளும் அசைப்பாள். இவன் போவான், அவள் எழுந்திருப்பாள். விருப்பம் இல்லையென்றால் அவள் வேறு பக்கம் பார்த்துவிடுவாள். யாருக்கும் அவமானம் இல்லை. சில நேரம் தப்பு நடக்கும். முன்னால் இருப்பவளைப் பார்த்துத் தலையசைப்பான், பின்னால் இருப்பவள் தன்னைத்தான் என்று எழுந்துவிடுவாள். அப்படி எழுந்துவிட்டால் 'உன்னை இல்லை' என்று சொல்லக் கூடாது. நாலு பாட்டு ஒரு சுற்று. அந்தச் சுற்றை அவளோடு ஆடித்தான் தீர வேண்டும். பாதியில் விட்டுவிட்டுப் போன ஒரு வக்கீலை அன்செல்மோ காலரைப் பிடித்து வெளியே தள்ளியிருக்கிறார்.

இன்னொன்றும் உண்டு. ஒருத்தியோடு ஒரு சுற்று ஆடினால் மரியாதை. தொடர்ந்து இரண்டு ஆடினால் ஊர் பேசும். தொடர்ந்து மூன்று ஆடினால்... இருவரும் சேர்ந்து வீட்டுக்குப் போகிறார்கள் என்று அர்த்தம். யாரும் கேட்க மாட்டார்கள். வழி விடுவார்கள்.

அன்செல்மோ மட்டும் ஆடுவதில்லை. முதலாளி ஒருத்தியோடு ஆடினால் ஒன்பது பேருக்கு முகம் சுருங்கும் என்பார். முப்பது வருஷமாக மதுக்கவுண்டர் ஓரத்தில் நின்று, ஊரையே ஜோடி சேர்த்து அனுப்பிவிட்டு, விளக்கணைத்துப் பூட்டி, தனியாக நடந்து போவார். கல்யாணம் இல்லை. வீட்டில் ஒரு கட்டில், ஒரு நாற்காலி, ஒரு டெலிபோன். அதுவும் எப்போதாவது ராங் நம்பர் வந்தால்தான் அடிக்கும். எனக்கு அந்த மனுஷனை நினைத்தால் பாவமாக இருக்கும்... ஆனால் ஒரு விஷயத்தில் கோபமும் உண்டு. அதைப் பிறகு சொல்கிறேன்.

அன்றைக்கு அவர் உள்ளே நுழைந்ததும் பரிமாறுகிற சிச்சோ மூக்கை உறிஞ்சினான்.

"என்ன முதலாளி, சென்ட் வாசனை தூக்குது! யாருக்குக் கல்யாணம்?"

"உன் மாமியாருக்கு. போய் மேசையத் தொடைடா."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். இசைத்தட்டுப் போடுகிற கூண்டிலிருந்து ஃபாபியான் எட்டிப் பார்த்தான். மாமா புதுச் சட்டை போட்டிருந்தார்.

காரணம் நேலிதா. ஐம்பத்தெட்டு வயது, மருந்துக்கடை வைத்திருந்தவரின் விதவை. இருபது வருஷமாகச் சனிக்கிழமை தவறாமல் வருகிறவள். முன்வரிசையில் அவளுக்கென்று ஒரு மேசை. அன்று அவள் வந்தபோது மணி பதினொன்று. கைப்பையைத் திறந்து மூடிக்கொண்டே வாசலில் நின்றாள்.

"மூட்ட கட்டி முடிக்கவே இவ்ளோ நேரமாயிடுச்சு. திங்கக்கிழம விடிகாலைல பஸ். மெண்டோசாவுக்கு, மக வீட்டுக்கு. ஒரேயடியா போறேன்."

"தெரியும்," என்றார் அன்செல்மோ.

"டிக்கெட்டத் திருப்பிக் குடுக்கலாமாம். நாளைக்குச் சாயங்காலம் வரைக்கும் டைம் இருக்காம்."

"அப்படியா?"

"அப்படியான்னு கேக்க மட்டும் நல்லாத் தெரியும் உங்களுக்கு. இருபது வருஷமா கதவத் தொறந்து விடுறீங்க. ஒரு தடவ ஆடினது உண்டா?"

அன்செல்மோவின் காது சிவந்தது. குரலைத் தாழ்த்தினார். "கடைசியில மூணு சுத்து இருக்குறப்போ... என் பக்கம் பாருங்க."

மூன்று சுற்று. நேலிதாவுக்குப் புரியாதா? கொஞ்ச நேரம் தரையைப் பார்த்தாள். "பாத்துக்கிட்டுதான இருக்கேன் இருபது வருஷமா," என்றாள்.

ஆனால் அவளுடைய மேசையில் ஒரு பிறந்தநாள் கூட்டம் உட்கார்ந்துவிட்டது. கூடம் நிரம்பி வழிந்தது. அன்செல்மோ தன் கையாலேயே ஒரு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போய்த் தூணுக்கு முன்னால் போட்டார். தான் நிற்கிற இடத்துக்கு நேர் எதிரே. நல்ல இடம். தூணுக்குப் பின்னால் ஒரு சின்ன மேசை கிடந்ததை அவர் நினைத்துப் பார்க்கவில்லை. அங்கே மூன்று வருஷமாக யாரையும் உட்கார வைப்பதில்லை.

என் கோபம் அந்த மேசையைப் பற்றியதுதான்.

சுலேமா என்று ஒருத்தி இருந்தாள். சட்டை தைக்கிற பட்டறையில் வேலை. பதினோரு வருஷம் கார்டேனியாவுக்கு வந்தாள். சனிக்கிழமை ஒன்பது மணிக்குக் கதவு திறக்கும்போது முதல் ஆளாக நிற்பாள். பழுப்பு நிறக் கம்பளி உடுப்பு, அந்துருண்டை வாசனை. அழகி இல்லை. நன்றாக ஆடுவாளா என்றும் யாருக்கும் தெரியாது. ஏனென்றால் அன்செல்மோ அவளை முதல் நாளே தூணுக்குப் பின்னால் உட்கார வைத்தார். அங்கே எந்தப் பார்வையும் போகாது. பார்வை போகாத இடத்தில் உட்கார்ந்தவளை யார் கூப்பிடுவார்கள்?

ஒவ்வொரு வாரமும் வாசலில் கேட்பாள். "இன்னைக்கு வேற எடம் இருக்குமா?"

"அடுத்த வாரம் பாக்கலாம்மா." ஒவ்வொரு வாரமும் அன்செல்மோ இதைத்தான் சொன்னார்.

மேசைக்கடியில் குனிந்து ஆடுகிற செருப்பை மாட்டிக்கொள்வாள். ஒரு சோடா. தூணின் ஓரமாகத் தலையை நீட்டி நீட்டிப் பார்ப்பாள். கடைசி பஸ்ஸுக்கு மறுபடி செருப்பை மாற்றிக்கொண்டு போய்விடுவாள். பதினோரு வருஷம்! மூன்று வருஷத்துக்கு முன்னால் ஒரு குளிர்காலத்தில் வருவது நின்றது. அன்செல்மோவுக்கு அது தெரியக்கூட இல்லை. இரண்டு மாதம் கழித்து அவள் குடியிருந்த வீட்டுக்காரி ஒரு பொட்டலத்தோடு வந்தாள். சுலேமா செத்துப்போய்விட்டாள், அவளுக்குச் சொந்தபந்தம் யாராவது உண்டா, இங்கேதான் அடிக்கடி வருவாள் என்று கேள்விப்பட்டேன் என்றாள். பொட்டலத்தில் அந்த ஆடுகிற செருப்பு. அன்செல்மோ திருப்பிப் பார்த்தார். பதினோரு வருஷத்துச் செருப்பு... அடித்தோலில் ஒரு கீறல் இல்லை. அன்றைக்கு அவர் சாப்பிடவில்லை என்று சிச்சோ சொல்வான்.

அதுதான் அந்த மேசை.

மணி மூன்றே கால். கூண்டிலிருந்து ஃபாபியான் மூன்று விரலைக் காட்டினான். இன்னும் மூன்று சுற்று. இரண்டு சுற்றுக்கு நடுவில் போடுகிற துண்டுப் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. ஆடினவர்கள் அவரவர் இடத்துக்குத் திரும்பிக்கொண்டிருந்தார்கள். அன்செல்மோ சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். பதினேழு வயசுப் பையனுக்கு அடிப்பதுபோல நெஞ்சு அடித்தது. நிமிர்ந்து நேலிதாவைப் பார்த்தார். அவளும் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் தலையை அசைத்தார்...

அந்த நொடியில் நேலிதாவின் தோளுக்கு மேலே, தூணின் ஓரமாக, ஒரு முகம் நீண்டது.

வெளுத்த முகம். கண் நேராக அவர் கண்ணில். மெதுவாக... மிக மெதுவாக... தலை அசைந்தது. பிறகு அந்துருண்டை வாசனை வந்தது. அவ்வளவு தூரத்தில், அத்தனை சிகரெட் புகைக்கு நடுவில்.

நேலிதா எழுவதற்குள் பழுப்பு உடுப்பு எழுந்து முன்னால் வந்து நின்றுவிட்டது. ஆடுகளத்தின் விளிம்பில் கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தது. சுற்றிலும் எல்லாரும் பார்க்கிறார்கள். முதலாளி தலையசைத்ததையும் பார்த்தார்கள், ஒருத்தி எழுந்து வந்ததையும் பார்த்தார்கள். அன்செல்மோ என்ன செய்வார்? வக்கீலைக் காலரைப் பிடித்துத் தள்ளிய ஆள். போனார். கையை நீட்டினார்.

கை குளிர்ந்திருந்தது. அவள் முகத்தை அவர் வலது தோளில் சாய்த்துக்கொண்டாள். நெருங்கி ஆடினால் கழுத்தில் மூச்சு படும் இல்லையா... படவில்லை. காதருகே மெல்லிய முணுமுணுப்பு மட்டும் கேட்டது. ஒண்ணு... ரெண்டு... மூணு... நாலு... அவள் அடியை எண்ணிக்கொண்டிருந்தாள். இத்தனை வருஷம் எட்டிப் பார்த்தே கற்றுக்கொண்ட அடிகள்.

முதல் பாட்டு முடிந்தது. அடுத்தது தொடங்கும் முன் நின்று நாலு வார்த்தை பேசுவது வழக்கம். மரியாதைக்காவது ஏதாவது சொல்ல வேண்டும். அவள்தான் பேசினாள்.

"அடுத்த வாரம்னு சொன்னீங்கல்ல."

அவ்வளவுதான். கோபமாகக்கூடச் சொல்லவில்லை.

நாலு பாட்டும் முடிந்தன. வழக்கப்படி அவளைக் கூட்டிக்கொண்டு போய்த் தூணுக்குப் பின்னால் விட்டார். வரும்போது நேலிதாவின் பக்கம் முகத்தைத் திருப்பினார். அவள் கைவிசிறியைப் பிரித்துக்கொண்டிருந்தாள். கோபம்தான், ஆனால் எழுந்து போகவில்லை. தப்பு நடந்துவிட்டது, பின்னால் இருந்தவள் எழுந்துவிட்டாள், இங்கே நடக்காததா என்று நினைத்திருப்பாள்.

இன்னும் இரண்டு சுற்று. அன்செல்மோ புத்திசாலித்தனமாக இடத்தை மாற்றினார். கவுண்டரின் அந்தக் கோடிக்குப் போனார். அங்கிருந்து பார்த்தால் நேலிதா தெரிவாள், தூண் குறுக்கே நிற்கும், பின்னால் இருப்பது தெரியாது. முப்பது வருஷம் இந்தக் கணக்கைப் போட்டவர் அவர். கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நேலிதாவின் கண்ணைத் தேடினார். அவள் விசிறியைத் தாழ்த்தினாள். பார்த்தாள். தலையசைத்தார்.

தூணின் இந்தப் பக்கத்திலிருந்து அந்த முகம் நீண்டது.

இரண்டாவது சுற்றும் அவளோடுதான். இந்தத் தடவை அவள் எண்ணவில்லை. அடி கூடிவந்துவிட்டது. அன்செல்மோவுக்குச் சொல்லக் கூச்சமாக இருந்ததாம்... நன்றாகத்தான் ஆடினாள். யாரோ ஒருவர் கைதட்டினார். மற்ற ஜோடிகள் விலகி இடம் விட்டார்கள். முதலாளி இரண்டாவது சுற்று ஆடுகிறார் என்று கூடம் முழுக்க ஒரே கிசுகிசு. அவருக்குக் கண்ணில் நீர் வந்தது. பயமா, வெட்கமா, பதினோரு வருஷத்துப் பாவமா, தெரியவில்லை. நேலிதாவின் பக்கம் திரும்பும் தைரியம் வரவில்லை.

துண்டுப் பாட்டு ஓடியது. இன்னும் ஒரே சுற்று.

நிமிர்ந்து பார்த்தால் அவள் இருப்பாள். பார்த்தால் தலையசைப்பாள். மூன்றாவது சுற்று ஆடினால் சேர்ந்து போக வேண்டும். பார்க்காவிட்டால் நேலிதா திங்கட்கிழமை பஸ் ஏறிவிடுவாள்.

அன்செல்மோ தன் சட்டத்தைத் தானே மீறினார். குனிந்த தலை நிமிராமல், தரைப் பலகையை மட்டும் பார்த்துக்கொண்டு, கூடத்தைக் குறுக்காக நடந்தார். கூடம் அமைதியாகிவிட்டது. நாற்காலிக் கால்கள் கண்ணில் பட்டன. நின்றார். கையை நீட்டினார். வாயால் கேட்டார்.

"நேலிதா... மன்னிச்சுக்குங்க. இந்த ஒரு சுத்து. என்கூட ஆடுங்க."

கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை... பிறகு உள்ளங்கையில் ஒரு கை வந்து அமர்ந்தது.

குளிர்ந்துதான் இருந்தது. ஜூலை மாதம், யார் கைதான் குளிராது என்று நினைத்துக்கொண்டார். கண்ணை மூடிக்கொண்டார். நாலு பாட்டும் திறக்கவில்லை. இருபது வருஷமாக நினைத்துப் பார்த்த ஆட்டம், இப்படித்தான் இருக்கும் என்று அவர் நினைத்தது போலவே இருந்தது. வாசனை ஒன்றும் வரவில்லை. அல்லது அவர் மூச்சை இழுக்கவில்லை. நாலாவது பாட்டு முடிந்து, ஊசி தட்டின் ஓரத்தில் கிர்... கிர்... என்று உரசியது. அப்போதுதான் கண்ணைத் திறந்தார்.

கூட்டம் கலைந்து, கோட்டு மாட்டுகிற சத்தமும் சிரிப்பும் அடங்கியதும் ஃபாபியான் கீழே வந்தான். மாமா படிக்கட்டில் உட்கார்ந்திருந்தார். சிகரெட் பற்ற வைக்கவே நாலு தீக்குச்சி ஆனது.

"நேலிதா எங்கடா?"

"ரெண்டாவது சுத்து நடக்கும்போதே கெளம்பிட்டாங்களே மாமா. டாக்சி புடிச்சுக் குடுடான்னு சிச்சோகிட்டக் கேட்டாங்களாம். அழுதுட்டாங்களாம். நீங்க காலி நாற்காலிகிட்டப் போயி நின்னு கைய நீட்டினீங்க... தூணுக்குப் பின்னாலேருந்து அந்தம்மாதான் கை குடுத்தாங்க. யாரு மாமா அவங்க?"

அன்செல்மோ முழுவதையும் சொன்னார். பத்து நிமிஷம் ஆகியிருக்கும். ஃபாபியான் தூணுக்குப் பின்னால் போய்ப் பார்த்தான். மேசைமேல் தூசி. விரல் வைத்தால் தடம் விழும் தூசி.

"வாங்க மாமா, வீட்ல கொண்டு விடுறேன். நேரா நேலிதா வீட்டுக்கு வேணா போவோம். விடிஞ்சதும் சொல்லிப் புரிய வெச்சுடலாம்."

"வேணாம்டா. மூணு சுத்து ஆடியாச்சு. வழக்கம்னு ஒண்ணு இருக்குல்ல."

கோட்டை மாட்டிக்கொண்டார். தெருக்கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு, ஓரமாக ஒதுங்கி நின்றார். ஒரு பெண் தாண்டிப் போக எவ்வளவு நேரம் ஆகுமோ, அவ்வளவு நேரம் நின்றார். பிறகு அவரும் வெளியே போனார். ஃபாபியான் பின்னால் போகவில்லை. கூப்பிடவும் இல்லை. இன்றுவரை அதற்காக அவன் தன்னை மன்னிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவர் வீட்டுக் கதவைத் தட்டினான். திறக்கவில்லை. பூட்டுக்காரனைக் கூட்டி வந்து திறந்தார்கள். நாற்காலியில் உட்கார்ந்தபடி, கோட்டும் ஷூவும் போட்டபடி... விடிகாலையிலேயே உயிர் போய்விட்டது, மாரடைப்பு என்றார் டாக்டர். திங்கட்கிழமை காலை பதினோரு மணிக்குச் சகாரிதா மயானத்தில் அடக்கம். வீட்டைப் பூட்டிச் சாவியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டான் ஃபாபியான். அது அவனிடமேதான் இருந்தது.

நேலிதாவுக்கு யாரும் சொல்லவில்லை. சொல்ல அவள் ஊரில் இல்லை. விடிகாலைப் பஸ்ஸில் போய்விட்டாள். மெண்டோசா விலாசத்தைத் தேடிப் பிடித்து ஃபாபியான் போன் பண்ணியபோது ஒரு மாதம் ஆகிவிட்டது. விஷயத்தைச் சொன்னான்.

"எப்போ?" என்றாள் நேலிதா.

"அடுத்த நாளே. ஞாயித்துக்கிழம விடியக்காலம்."

"இல்லப்பா... ஞாயித்துக்கிழமயா இருக்காது. நான் திங்கக்கிழம ராத்திரி ஒம்பது மணிக்கு அவர் வீட்டுக்குப் போன் பண்ணினேனே. பஸ்ஸுல வர்றப்போ மனசு ஆறிப்போச்சு. ஒரு வார்த்த பேசிட்டா வந்துடுவாரு, நானாவது திரும்பி வந்துடுவேன்னு நெனச்சுப் பண்ணினேன். ஒரு பொம்பளதான் எடுத்துச்சு. மெதுவான குரல்."

ஃபாபியான் சட்டைப்பையிலிருந்த வீட்டுச் சாவியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டான்.

"அப்பறம்?"

"பின்னால ஏதோ பாட்டு ஓடிக்கிட்டிருந்துச்சு. அவர் குரலும் கேட்டுச்சு. 'யாரும்மா போன்ல?'ன்னு கேட்டாரு. 'யாரோ... ராங் நம்பர்'னு அது சொல்லிச்சு. அதுக்கு அவரு சிரிச்சாருப்பா. இருபது வருஷத்துல நான் அவரு அப்படிச் சிரிச்சுக் கேட்டதே இல்ல. 'சரி வெச்சுட்டு சீக்கிரம் வா, அடுத்த சுத்து ஆரம்பிக்குது'ன்னாரு."